தாமிரபரணியா, தாமிரவருணியா, பொருநையா? நூலகக் கணினியில் ஒரு புத்தகத்தைத் தேடுவது ஏன் இன்னும் கஷ்டமா இருக்கு?

நெல்லையில் ஒரு கல்லூரி மாணவி. ஆற்றைப் பற்றி ஒரு புராஜெக்ட். நூலகத்துக்குப் போகிறார், கவுன்ட்டர் பக்கத்தில் இருக்கும் கணினியில் ‘தாமிரபரணி’ என்று டைப் செய்கிறார். சில புத்தகங்கள் வருகின்றன. குறித்துக்கொண்டு கிளம்பிவிடுகிறார்.

ஆனால் அதே நூலகத்தில் ‘தாமிரவருணி’ என்று தலைப்பு வைத்த புத்தகம் இருக்கலாம். ‘பொருநை’ என்று தலைப்பு வைத்ததும் இருக்கலாம். மூன்றும் ஒரே ஆறுதான். நெல்லைக்காரர்களுக்குத் தெரியும். கணினிக்குத் தெரியாது. அதற்கு இவை மூன்று வெவ்வேறு சொற்கள், அவ்வளவுதான்.

கவுன்ட்டரில் இருக்கும் அனுபவமுள்ள நூலகரிடம் கேட்டிருந்தால், “பொருநைன்னும் போட்டுப் பாரும்மா” என்று ஒரே வரியில் முடித்திருப்பார். கணினி வந்த பிறகு நூலக வேலையில் என்ன மாறியது, எது மாறவே இல்லை என்பதைப் புரிந்துகொள்ள இந்தச் சின்ன உதாரணமே போதும்.

இதை இப்போது பேச ஒரு காரணம் இருக்கிறது. 2025-26 தமிழ்நாடு பட்ஜெட்டில் சேலம், கடலூரோடு சேர்த்து திருநெல்வேலிக்கும் ஒரு பெரிய நூலகம் அறிவிக்கப்பட்டது. மதுரையில் 2023 ஜூலையில் திறக்கப்பட்ட கலைஞர் நூற்றாண்டு நூலகத்தைப் பார்த்தவர்களுக்கு எதிர்பார்ப்பு அதிகம். கட்டடமும் ஏசியும் கணினியும் வரும். உள்ளே தேடினால் புத்தகம் கிடைக்குமா என்பது வேறு கேள்வி.

கணினிக்கு முன்னாடி எப்படி இருந்தது?

இன்று 40 வயதைத் தாண்டியவர்களுக்கு நினைவிருக்கும். நூலகத்துக்குள் நுழைந்ததும் சின்னச் சின்ன இழுப்பறைகள் வைத்த ஒரு மர அலமாரி. ஒவ்வொரு இழுப்பறையிலும் நூற்றுக்கணக்கான அட்டைகள். ஒரே புத்தகத்துக்கு ஆசிரியர் பெயரில் ஓர் அட்டை, தலைப்பில் ஓர் அட்டை, பொருளின் பெயரில் இன்னோர் அட்டை. எல்லாம் கையால் எழுதியவை, இல்லையென்றால் டைப் அடித்தவை.

புத்தகம் வாங்கியதும் முதலில் சேர்க்கைப் பதிவேட்டில் ஒரு எண் போட வேண்டும். பிறகு பொருள் பிரித்து வகைப்பாட்டு எண் தர வேண்டும். முதுகில் அந்த எண்ணை ஒட்ட வேண்டும். பின் அட்டையின் உள்பக்கம் தேதி குத்தும் தாளை ஒட்ட வேண்டும். அதன் பிறகுதான் அது அலமாரிக்குப் போகும்.

இந்த வேலைக்கு ஒழுங்கு கொடுத்தவர்களில் உலக அளவில் முக்கியமானவர் ஒரு தமிழர். சீர்காழியில் 1892-ல் பிறந்த எஸ்.ஆர்.ரங்கநாதன். 1924-ல் சென்னைப் பல்கலைக்கழக நூலகரானார். 1931-ல் நூலக அறிவியலின் ஐந்து விதிகளையும், 1933-ல் கோலன் வகைப்பாட்டு முறையையும் வெளியிட்டார். அந்த ஐந்தில் நான்காவது விதி, வாசகரின் நேரத்தை மிச்சப்படுத்த வேண்டும் என்பது. கணினி வந்ததற்கான மொத்த நியாயமும் இந்த விதிக்குள் அடங்கிவிடும்.

இந்தியாவிலேயே முதல் மாநிலமாக 1948-ல் பொது நூலகச் சட்டம் கொண்டு வந்ததும் அன்றைய சென்னை மாகாணம்தான். அந்தச் சட்டத்தின் தொடர்ச்சிதான் வீட்டுக்குச் சொத்து வரி கட்டும்போது சேர்த்துக் கட்டும் நூலக வரி. 100 ரூபாய் சொத்து வரி என்றால் 10 ரூபாய் நூலகத்துக்கு. அதனால், நூலகத்துக்குள் ஒரு நாளும் காலடி எடுத்து வைக்காதவர்களின் பணமும் இதில் இருக்கிறது.

கணினி வந்ததும் என்ன மாறியது?

வேலை வேலையாகப் பிரித்துப் பார்த்தால் சுலபமாகப் புரியும்.

• தேடல்: அட்டைகளைப் புரட்டும் வேலை போய்விட்டது. தலைப்பில் ஒரு சொல் நினைவிருந்தாலே போதும். ஆசிரியர், பதிப்பகம், ஆண்டு என எதை வைத்தும் தேடலாம்.

• இரவல்: பார்கோடை ஸ்கேன் செய்தால் யார் எடுத்தார், எப்போது திருப்ப வேண்டும் என்பது பதிவாகிவிடும். இன்னொருவர் அதே புத்தகத்தைக் கேட்டால், ‘வெளியே போயிருக்கு, இந்தத் தேதிக்கு வரும்’ என்று சொல்ல முடியும். அட்டைக் காலத்தில் இதைக் கண்டுபிடிக்கவே அரை நாள் ஆகும்.

• இருப்பு சரிபார்ப்பு: வருஷத்துக்கு ஒருமுறை பதிவேட்டை வைத்துக்கொண்டு ஒவ்வொரு புத்தகமாக டிக் அடித்த வேலை இது. புத்தகத்துக்குள் ரேடியோ அலைச் சில்லு வைத்த நூலகங்களில், கையடக்கக் கருவியை அலமாரி ஓரமாகக் கொண்டுபோனாலே கணக்கு வந்துவிடும்.

• பகிர்வு: ஒரு நூலகம் தயாரித்த புத்தக விவரத்தை இன்னொரு நூலகம் அப்படியே எடுத்துக்கொள்ளலாம். இதற்கான பொது வடிவத்தை 1960-களில் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தில் உருவாக்கினார்கள். அதன் வழி வந்த வடிவங்களைத்தான் இன்றும் உலகம் பயன்படுத்துகிறது.

மென்பொருளுக்குக் கோடிக்கணக்கில் செலவு செய்ய வேண்டியதும் இல்லை. நியூசிலாந்தில் ஒரு சிறிய வட்டார நூலகத்துக்காக உருவாகி, 2000-ம் ஆண்டு தொடக்கத்தில் பயன்பாட்டுக்கு வந்தது ‘கோஹா’. மாவோரி மொழியில் இதற்கு ‘அன்பளிப்பு’ என்று பொருள். இலவசமாகவே கிடைக்கிறது. இந்தியப் பல்கலைக்கழகங்களுக்காக காந்திநகரில் உள்ள இன்ஃபிலிப்நெட் மையம் உருவாக்கியது ‘சோல்’. இந்தியாவின் பல கல்லூரி நூலகங்கள் இந்த இரண்டில் ஒன்றில்தான் ஓடுகின்றன.

அப்போ என்ன பிரச்சினை? கணினி வாங்கினா போதாதா?

போதாது. கணினியில் தேட வேண்டுமென்றால், முதலில் யாராவது புத்தக விவரத்தை ஏற்ற வேண்டுமே!

ஒரு கணக்கு போட்டுப் பார்க்கலாம். ஒரு நூலகத்தில் 50,000 பழைய புத்தகங்கள் என்று வைத்துக்கொள்வோம். ஒரு புத்தகத்தை எடுத்து, தலைப்பு, ஆசிரியர், பதிப்பகம், ஆண்டு, வகைப்பாட்டு எண் எல்லாம் டைப் செய்து, பார்கோடு ஒட்டி வைக்க 5 நிமிஷம். மொத்தம் 2,50,000 நிமிஷம். அதாவது 4,166 மணி நேரம். தினமும் 8 மணி நேரம் வேறு எந்த வேலையும் செய்யாமல் ஒருவர் உட்கார்ந்தால் 520 வேலை நாட்கள். ஏறத்தாழ 2 வருஷம்.

நூலகத்தைத் திறப்பது, புத்தகம் கொடுத்து வாங்குவது, நாளிதழ்களை எடுத்து வைப்பது, கூட்டங்களுக்கு ஏற்பாடு செய்வது என எல்லா வேலையும் செய்யும் ஒருவரால் இதையும் சேர்த்துச் செய்ய முடியுமா? அதனால்தான் பல இடங்களில் புதிய புத்தகங்கள் மட்டும் கணினியில் இருக்கும், பழையவை இருக்காது. ‘கணினியில் இல்லை’ என்பதை வாசகர் ‘நூலகத்தில் இல்லை’ என்று எடுத்துக்கொள்வார். அலமாரியில் இருந்தும் அந்தப் புத்தகம் காணாமல் போனதாகவே ஆகிவிடும்.

தமிழுக்கு மட்டும் ஏன் கூடுதல் தலைவலி?

மூன்று காரணங்கள்.

முதலாவது, எழுத்துரு. யூனிகோடு பரவலாவதற்கு முன் தமிழில் ஆளுக்கொரு எழுத்துரு முறை இருந்தது. 1999-ல் சென்னையில் நடந்த தமிழ்நெட் 99 மாநாட்டுக்குப் பிறகு விசைப்பலகையும் குறியீட்டு முறையும் ஒரு ஒழுங்குக்கு வந்தன. 2010-ல் தமிழ்நாடு அரசு யூனிகோடை அதிகாரபூர்வமாக ஏற்றது. அதற்கு முன் ஏற்றிய பட்டியலை இன்றைய கணினியில் திறந்தால், தமிழுக்குப் பதிலாக ஆங்கில எழுத்தும் குறியீடுகளுமாக ஏதோ தெரியும். மாற்றித் தரும் மென்பொருள்கள் உண்டு. ஆனால் மாற்றிய பிறகு யாராவது உட்கார்ந்து சரிபார்த்தே ஆக வேண்டும்.

இரண்டாவது, வரிசை. நாம் படித்த அகர வரிசையில் ‘ய, ர, ல, வ, ழ, ள, ற, ன’ என்று முடியும். யூனிகோடு அட்டவணையில் ‘ந’ பக்கத்திலேயே ‘ன’ இருக்கும், ‘ர’ பக்கத்திலேயே ‘ற’ இருக்கும். மென்பொருளில் தமிழ் வரிசையைத் தனியாக அமைக்காமல் விட்டால், பட்டியல் நம் அகராதி வரிசையில் வராது.

மூன்றாவது, பெயர். இதுதான் பெரிய சிக்கல். நெல்லை எழுத்தாளர்களையே எடுத்துக்கொள்ளுங்கள். கதை எழுதும்போது வண்ணதாசன், கவிதை எழுதும்போது கல்யாண்ஜி. இருவரும் ஒருவரே. புதுமைப்பித்தனின் இயற்பெயர் சொ.விருத்தாசலம். பாளையங்கோட்டையின் பண்பாட்டு ஆய்வாளர் தொ.பரமசிவனை வாசகர்கள் ‘தொ.ப.’ என்றே சொல்வார்கள். முதலெழுத்து முன்னால் வருமா, பின்னால் வருமா? புள்ளி உண்டா, இல்லையா? நடுவில் இடைவெளி விடணுமா? ஒவ்வொருவரும் ஒவ்வொரு மாதிரி ஏற்றினால், ஒரே ஆசிரியர் கணினியில் நான்கு பேராகப் பிரிந்துவிடுவார்.

இதற்குத் தீர்வு இருக்கிறது. ஒவ்வொரு ஆசிரியருக்கும், ஊருக்கும், ஆற்றுக்கும் ஒரு நிலையான பெயரை முடிவு செய்து, மற்ற எல்லாப் பெயர்களையும் அதோடு இணைத்துவிட வேண்டும். ‘கல்யாண்ஜி’ என்று போட்டால் வண்ணதாசன் கதைகளும் வரும். ‘பொருநை’ என்று போட்டால் தாமிரபரணியும் தாமிரவருணியும் வரும். ‘நெல்லை’ என்று போட்டால் திருநெல்வேலி மட்டுமல்ல, பழைய ஆவணங்களில் உள்ள ‘தின்னவேலி’யும் வரும். இந்த இணைப்பைப் போடுவதற்கு இரண்டு விஷயங்கள் வேண்டும்: நூலக அறிவியலும், அந்த ஊரின் இலக்கியமும் தெரிந்த ஒரு ஆள்.

ஏடு தேடி அலைந்த காலமும், ஸ்கேன் காலமும்

தேடுவது எவ்வளவு பெரிய வேலை என்பதை இந்த ஆற்றங்கரையே பார்த்திருக்கிறது. பத்துப்பாட்டின் ஏட்டுச்சுவடிகளைத் தேடி உ.வே.சாமிநாதையர் திருநெல்வேலிக்கும் ஆழ்வார்திருநகரிக்கும் வந்தார். எந்த ஏடு யார் வீட்டில் இருக்கிறது என்பதற்குப் பட்டியலே கிடையாது. கவிராயர்களின் வீடுகளுக்குப் போய், கட்டுக் கட்டாக அவிழ்த்துப் பார்க்க வேண்டியிருந்தது. 1889-ல் பத்துப்பாட்டை நச்சினார்க்கினியர் உரையோடு பதிப்பித்தார்.

இன்று அதே மாதிரியான பழைய பதிப்புகளையும் சுவடிகளையும் ஸ்கேன் செய்து இலவசமாகத் தருகிறது தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம். ஈழத் தமிழர்களின் நூல்களுக்காக 2005 முதல் இயங்குகிறது ‘நூலகம்’ திட்டம். காரைக்குடி அருகே கோட்டையூரைச் சேர்ந்த ரோஜா முத்தையா சேர்த்த புத்தகங்கள், சென்னையில் அவர் பெயரிலான ஆராய்ச்சி நூலகமாக இருக்கின்றன.

பல்கலைக்கழகப் பக்கமும் இதே கதைதான். ஆராய்ச்சி மாணவர்கள் தங்கள் ஆய்வேட்டை மின்வடிவிலும் தர வேண்டும் என 2009-ல் யுஜிசி விதி கொண்டு வந்தது. அதற்கு முன் அபிஷேகப்பட்டியில் உள்ள மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகத்தின் ஆய்வேடு ஒன்றைப் பார்க்க வேண்டுமென்றால், பஸ் ஏறி நேரில்தான் போக வேண்டும். இப்போது அங்கு முடித்தவர்களின் ஆய்வேடுகள் ‘சோத்கங்கா’ என்ற தேசியத் தளத்தில் கிடைக்கின்றன. பாபநாசத்தில் இருந்தும் படிக்கலாம், பாரிஸில் இருந்தும் படிக்கலாம்.

தூரத்தில் இருப்பதைப் பக்கத்தில் கொண்டுவருவதும் ஸ்கேன்தான். தாமிரபரணி கடலில் கலக்கும் புன்னைக்காயலில் பணியாற்றியவர் அன்றீக்கே அன்றீக்கசு அடிகளார். அவர் உருவாக்கிய ‘தம்பிரான் வணக்கம்’ 1578-ல் கொல்லத்தில் அச்சானது. தமிழ் எழுத்தில் அச்சாகி இன்றும் எஞ்சியிருக்கும் மிகப் பழைய நூல்களில் ஒன்று. அதன் பிரதி இருப்பது அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில்!

எல்லாத்தையும் ஸ்கேன் பண்ணி போனில் போட்டுட முடியாதா?

முடியாது. பதிப்புரிமைச் சட்டம் குறுக்கே வரும். இந்தியாவில் எழுத்தாளர் இறந்து 60 ஆண்டுகள் முடியும் வரை உரிமை அவருக்கோ, குடும்பத்துக்கோ, அவர் எழுதிக்கொடுத்தவருக்கோதான். 1948-ல் மறைந்த புதுமைப்பித்தனின் எழுத்துகளுக்கு அந்தக் காலம் முடிந்துவிட்டது. தமிழ்நாட்டில் இன்னொரு வழியும் உண்டு: அரசு பணம் கொடுத்து நாட்டுடைமை ஆக்குவது. 2020-ல் மறைந்த தொ.பரமசிவனின் நூல்கள் அப்படி நாட்டுடைமை ஆனவை. மற்றபடி இன்று எழுதிக்கொண்டிருப்பவர்களின் புத்தகத்தை அனுமதி இல்லாமல் ஸ்கேன் செய்து பொதுவில் போட முடியாது.

மின்புத்தகம் வாங்கலாமே என்று தோன்றும். அச்சுப் புத்தகத்தை நூலகம் ஒருமுறை வாங்கினால், கிழியும் வரை அது நூலகத்தின் சொத்து. மின்புத்தகம் பெரும்பாலும் உரிமம்தான், கிட்டத்தட்ட வாடகை மாதிரி. சந்தா நின்றால் புத்தகமும் போய்விடும். 2009-ல் உரிமைப் பிரச்சினை காரணமாக, வாடிக்கையாளர்கள் காசு கொடுத்து வாங்கிய ஜார்ஜ் ஆர்வெல் நாவல்களை அமேசான் நிறுவனம் அவர்களின் கிண்டில் கருவியில் இருந்தே அழித்தது. பிறகு மன்னிப்பு கேட்டது. ஆனால், அப்படி அழிக்க முடியும் என்பது அன்றுதான் பலருக்குத் தெரிந்தது.

வெள்ளம் வந்தால் தாள், ஹேக்கர் வந்தால் சர்வர்

2023 டிசம்பர் 17, 18 தேதிகளை நெல்லையும் தூத்துக்குடியும் மறக்காது. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் சுமார் 95 சென்டிமீட்டர் மழை. தாமிரபரணி கரை தாண்டியது. நெல்லை ஜங்ஷனில் வெள்ளம் புகுந்தது. வீடுகளுக்குள் இருந்த பள்ளி, கல்லூரிச் சான்றிதழ்கள் எல்லாம் நனைந்து போக, மாற்றுச் சான்றிதழ் தர அரசு முகாம்கள் நடத்த வேண்டியிருந்தது. காகிதத்துக்கு நீர் எவ்வளவு பெரிய எதிரி என்று புரிய வேறு பாடம் தேவையில்லை. நெருப்பும் அப்படித்தான். 1981-ல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது சுமார் 97,000 நூல்கள் சாம்பலாயின. வேறு பிரதியே இல்லாத சுவடிகளும் அதில் இருந்தன.

அப்படியென்றால் டிஜிட்டல் பாதுகாப்பானதா? அதுவும் முழுசாக இல்லை. 2023 அக்டோபரில் லண்டனில் உள்ள பிரிட்டிஷ் நூலகத்தின் மீது சைபர் தாக்குதல் நடந்தது. உலகின் மிகப் பெரிய நூலகங்களில் ஒன்று அது. புத்தகங்கள் அலமாரியில் பத்திரமாகத்தான் இருந்தன. ஆனால் எது எங்கே இருக்கிறது என்று சொல்லும் இணையப் பட்டியல் முடங்கிவிட்டது. மறுபடி அது வந்தது 2024 ஜனவரியில்தான்.

இரண்டிலும் பாடம் ஒன்றுதான்: ஒரே பிரதி, ஒரே இடம் என்று எதையும் விடக் கூடாது. தாள் ஒரு ஊரில் இருந்தால் ஸ்கேன் இன்னொரு ஊரில் இருக்கணும். பட்டியலின் நகல் இணையத்தோடு இணைக்காத வட்டில் ஒன்றாவது இருக்கணும்.

அப்போ நூலகருக்கு வேலை குறைஞ்சுதா?

வேலை மாறியிருக்கிறது, குறையவில்லை. அட்டை எழுதும் வேலை போய், தரவு ஏற்றும் வேலை வந்திருக்கிறது. பதிவேட்டைப் பாதுகாத்தவர்கள் இப்போது பாஸ்வேர்டையும் பேக்கப்பையும் பாதுகாக்க வேண்டும். கரன்ட் போனாலோ, நெட் கட்டானாலோ வரிசையில் நிற்பவர்களுக்குப் பதில் சொல்வதும் அவர்களே.

வாசகர்களும் மாறிவிட்டார்கள். மாவட்ட மைய நூலகங்களில் காலையிலேயே இடம் பிடிப்பது பெரும்பாலும் போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்கள். அவர்கள் கேட்பது நாவல் இல்லை. சத்தமில்லாத ஒரு மேஜை, சார்ஜ் போட ஒரு பிளக், பழைய வினாத்தாள், ஆன்லைன் விண்ணப்பத்தில் ஒரு சந்தேகம். எல்லாமே போனில் இருக்கிறது என்பது உண்மைதான். ஆனால் 10 பேர் இருக்கும் வீட்டில் உட்கார்ந்து படிக்க ஒரு இடம் போனில் இல்லை.

நூலகத்துக்கு வர முடியாதவர்களுக்காக 2022-ல் தொடங்கியது ‘நூலக நண்பர்கள்’ திட்டம். தன்னார்வலர்கள் புத்தகத்தை வீட்டுக்கே கொண்டுபோய்க் கொடுப்பார்கள். வயதானவர்கள், மாற்றுத்திறனாளிகள், நோயாளிகளுக்கு இது பெரிய உதவி. இங்கே கணினி செய்வது யாரிடம் எந்தப் புத்தகம் என்ற கணக்கை. கதவைத் தட்டுவது மனுஷங்கதான்.

இன்னொரு புதிய பொறுப்பும் சேர்ந்திருக்கிறது. அட்டைக் காலத்தில் புத்தகத்தைத் திருப்பித் தந்ததும் அந்தக் கணக்கு அதோடு முடிந்தது. கணினியில் ஒருவர் 10 வருஷமாக என்னென்ன படித்தார் என்பது அப்படியே சேர்ந்து கிடக்கும். நோயைப் பற்றி, மதத்தைப் பற்றி, அரசியலைப் பற்றி ஒருவர் என்ன படிக்கிறார் என்பது அவர் சொந்த விஷயம். அதை எவ்வளவு நாள் வைத்திருப்பது, யார் பார்க்கலாம் என்பதற்கு நூலகங்களில் தெளிவான விதி வேண்டும்.

நெல்லைக்கு வரும் நூலகத்தில் என்ன கேட்கலாம்?

வரி கட்டுபவர்கள் என்ற முறையில் சில கேள்விகளை இப்போதே கேட்கலாம்.

• பழைய புத்தகங்களும் கணினிப் பட்டியலில் ஏறுமா, அதற்குத் தனி ஆட்கள் உண்டா?

• புனைபெயர், ஊர்ப்பெயர், ஆற்றுப்பெயர் எல்லாம் ஒன்றோடொன்று இணைக்கப்படுமா?

• பாளையங்கோட்டை மாவட்ட மைய நூலகத்திலும் கிளை நூலகங்களிலும் உள்ள புத்தகங்களை ஒரே இடத்தில் தேட முடியுமா?

• வட்டாரத்தில் வெளிவந்த சிற்றிதழ்கள், ஊர் வரலாறுகள், மலர்கள் ஸ்கேன் செய்யப்படுமா? நகல் வெள்ளம் எட்டாத வேறு ஊரில் வைக்கப்படுமா?

• பார்வையற்றவர்கள் ஸ்கிரீன் ரீடர் மூலம் தமிழில் தேட முடியுமா?

2022 நவம்பரில் பொது நூலகத் துறை நடத்திய பொருநை இலக்கியத் திருவிழாவில், இந்த ஆற்றங்கரையின் எழுத்துகளைப் பற்றி இரண்டு நாள் பேசினார்கள். அந்த எழுத்துகள் எல்லாம் அடுத்த தலைமுறை வாசகர் ஒருவர் டைப் செய்யும்போது திரையில் வர வேண்டும். அதற்கான வேலை திறப்பு விழாவுக்கு ரொம்ப முன்னாடியே, ஒரு மேஜையில் உட்கார்ந்து ஒவ்வொரு புத்தகமாக ஏற்றுவதில் தொடங்குகிறது.

அதுவரைக்கும் ஒரு டிப்ஸ்: நூலகக் கணினியில் தேடிய புத்தகம் வரவில்லையா? வேறு பெயரில், வேறு எழுத்துக்கூட்டலில் ஒருமுறை போட்டுப் பாருங்க. அப்பவும் வரலைன்னா, கவுன்ட்டரில் இருப்பவரிடம் கேட்காமல் கிளம்பிடாதீங்க.